வாட்ச் காட்டும் 21-ஐ விடுங்கள், அந்த 146-ஐப் பார்ப்போம்

கேள்வி: டாக்டர், எனக்கு வயது 51. கொளத்தூரில் இருக்கிறோம், வங்கியில் வேலை. தீபாவளிக்கு வந்த மகன் ஒரு ஸ்மார்ட் வாட்ச் வாங்கிக் கொடுத்தான். அதில் ஹெச்.ஆர்.வி. என்று ஒன்று வருகிறது. தினமும் காலையில் 19, 21, 23 என்றே காட்டுகிறது, பக்கத்திலேயே ஆரஞ்சு நிறத்தில் ‘குறைவு’ என்று போடுகிறது. மகனுக்கு 70-க்கு மேல் இருக்கிறது. இணையத்தில் தேடினால் 50-க்குக் கீழே போனால் ஆபத்து, திடீர் மரணம் என்றெல்லாம் போட்டிருக்கிறார்கள். அதிலிருந்து சரியாகத் தூக்கமே இல்லை. பி.பி.யும் கொஞ்சம் உண்டு. வங்கியில் நடந்த மருத்துவ முகாமில் 146/92, தெருமுனை மெடிக்கல் ஷாப்பில் 152/94. வீட்டு மெஷினில், காலையில் பால் வாங்கிக்கொண்டு மாடியேறி வந்து காபி குடித்ததும் பார்ப்பேன், 138/86 இருக்கும், சில நாள் 144. டென்ஷன்தான் என்று விட்டுவிட்டேன். சுகர் இல்லை. முட்டிவலிக்கு அவ்வப்போது கடையில் டைக்ளோஃபெனாக் வாங்கிப் போட்டுக்கொள்வேன். குறட்டை விடுவதாகக் கணவர் சொல்கிறார். அப்பா 63 வயதில் பக்கவாதம் வந்து இறந்தார். ஹெச்.ஆர்.வி.யை ஏற்ற ஒரு மெக்னீசியம் மாத்திரையை ஆன்லைனில் வாங்கச் சொல்கிறான் மகன். வாங்கலாமா? இந்த இரண்டு எண்களில் எதை நம்புவது? பி.பி. மாத்திரை ஆரம்பித்தால் நிறுத்தவே முடியாதாமே?

பதில்: சகோதரி, முதலில் உங்கள் தூக்கத்தைக் கெடுத்த விஷயத்தை முடித்துவிடுவோம். வாட்சில் 21 என்று வருவதால் மட்டும் உங்கள் இதயத்துக்கு ஆபத்து என்று சொல்ல எந்த அடிப்படையும் இல்லை. மாத்திரை வாங்க வேண்டாம். இதைப் படித்ததும் கொஞ்சம் நிம்மதியாக இருங்கள், ஆனால் கடிதத்தை மூடிவிடாதீர்கள். ஏனென்றால் நீங்கள் ‘கொஞ்சம் உண்டு’ என்று ஒரே வரியில் தாண்டிப்போன அந்த பி.பி.தான் எனக்குக் கவலையாக இருக்கிறது. அதைப் பற்றித்தான் அதிகம் எழுதப்போகிறேன்.

ஹெச்.ஆர்.வி. என்பது என்ன? நாடித் துடிப்பு நிமிடத்துக்கு 70 என்றால், கடிகார முள் மாதிரி சீரான இடைவெளியில் 70 தடவை அடிக்கிறது என்றுதான் நினைப்போம். அப்படி இல்லை. ஒரு துடிப்புக்கும் அடுத்ததற்கும் நடுவே 850 மில்லி செகண்ட் இருக்கும், அடுத்தது 880, அதற்கடுத்தது 835 என்று மாறிக்கொண்டே போகும். இப்போதே கட்டைவிரல் பக்கம் மணிக்கட்டில் மூன்று விரலை வைத்து நாடியைப் பிடித்துக்கொண்டு, மெதுவாக மூச்சை உள்ளே இழுத்துப் பாருங்கள், துடிப்பு சற்று வேகமாகும். மெதுவாக வெளியே விடுங்கள், தளர்ந்து போகும். பள்ளிப் பிள்ளைகளின் கையைப் பிடித்துப் பார்த்தால் இது நன்றாகவே தெரியும், நம் வயதில் லேசாகத்தான் தெரியும். மூளையிலிருந்து இதயத்துக்கு வரும் வேகஸ் நரம்பு துடிப்பை அடக்கி வைத்திருக்கிறது. மூச்சை இழுக்கும்போது அதன் பிடி தளர்கிறது, விடும்போது இறுகுகிறது. இந்த ஏற்ற இறக்கத்தின் அளவைத்தான் வாட்ச் ஒரு எண்ணாக்கிக் காட்டுகிறது.

அந்த 50 என்ற கணக்கு எங்கிருந்து வந்தது என்று சொல்கிறேன், பாதி பயம் அதிலேயே போய்விடும். 1987-ல் அமெரிக்காவில் ஒரு ஆய்வு வெளிவந்தது. மாரடைப்பு வந்து பிழைத்த 808 பேருக்கு 24 மணி நேரம் உடம்பிலேயே இ.சி.ஜி. கருவியைக் கட்டிவிட்டு, ஒரு முழு நாளின் துடிப்பு இடைவெளிகள் எவ்வளவு விலகுகின்றன என்று கணக்கிட்டார்கள். அந்தக் கணக்கில் 50 மில்லி செகண்டுக்குக் கீழே இருந்தவர்கள் இறந்த விகிதம், 100-க்கு மேல் இருந்தவர்களைப்போல ஏறக்குறைய 5 மடங்கு இருந்தது. முக்கியமான ஆய்வுதான், மறுப்பதற்கில்லை. ஆனால் அவர்கள் மாரடைப்பு வந்தவர்கள், கணக்கிட்டது ஒரு முழு நாளுக்கு, கணக்கின் பெயர் எஸ்.டி.என்.என். உங்கள் கையில் இருக்கும் வாட்ச், பெரும்பாலான வாட்சுகளைப்போல, நீங்கள் தூங்கும்போது தோலுக்கடியில் பச்சை வெளிச்சம் பாய்ச்சி, ஆர்.எம்.எஸ்.எஸ்.டி. என்ற வேறொரு கணக்கைப் போடுகிறது. சில கம்பெனி வாட்சுகள் எஸ்.டி.என்.என். காட்டும், ஆனால் அதுவும் ஒரு நிமிடத் துண்டில் எடுத்தது. இந்த மூன்றையும் ஒன்றோடொன்று ஒப்பிடவே கூடாது. முழு நாள் கணக்கில் போட்ட 50 என்ற கோட்டைக் கொண்டுவந்து தூக்கத்தில் எடுத்த 21-க்குப் பக்கத்தில் வைத்து ஒருவர் வீடியோ போடுகிறார், அதைப் பார்த்து கொளத்தூரில் ஒரு அம்மா தூக்கமில்லாமல் கிடக்கிறார் என்றால் எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது.

மகனோடு ஒப்பிடுவதும் வேண்டாம். வயது ஏற ஏற இந்த எண் இறங்குவது இயல்பு, பிறவியிலேயே ஆளுக்கு ஆள் பெரிய வித்தியாசமும் உண்டு. மாதவிடாய் நிற்கும் காலத்திலும் குறையும், அந்த நேரத்தில் இரவில் உடம்பு திடீரென்று சுட்டு வியர்த்து விழிப்பு வந்தால் இன்னும் குறையும். காய்ச்சல், தூக்கக் குறைவு, மது, ராத்திரி பத்து மணிக்கு மேல் வயிறு நிறையச் சாப்பிட்டுப் படுப்பது, எல்லாமே மறுநாள் காலை எண்ணில் தெரியும். ஒரு மாதமாகச் சரியாகத் தூங்காதவருக்கு எண் இறங்காமல் என்ன செய்யும்?

இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள். அதிகமாக இருப்பதெல்லாம் நல்லது என்றும் கிடையாது. ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்று ஒரு கோளாறு உண்டு, இதயத்தின் மேலறைகள் ஒழுங்கில்லாமல் படபடப்பது. அதில் துடிப்பு இடைவெளி தாறுமாறாக இருப்பதால் ஹெச்.ஆர்.வி. எகிறும், பார்க்க ‘சூப்பர்’ என்று தெரியும். உண்மையில் அது பக்கவாத ஆபத்தைப் பல மடங்கு கூட்டும் நோய். ஆகவே என்றைக்காவது 21 திடீரென்று 90 ஆகி, நாடியும் ஒழுங்கில்லாமல் அடித்தால், சந்தோஷப்படாமல் போய் ஒரு இ.சி.ஜி. எடுங்கள்.

சரி, எண் குறைவாக இருப்பது நல்லதில்லை என்றால் மாத்திரை போட்டு ஏற்றிவிட்டால் என்ன என்று உங்கள் மகன் கேட்பது நியாயமான கேள்விதான். இதே மாதிரி ஒரு யோசனையை மருத்துவ உலகம் முன்பு செய்து பார்த்திருக்கிறது. மாரடைப்பு வந்தவர்களுக்கு இடையிடையே ஒழுங்கு தவறிய துடிப்புகள் வரும். அவை அதிகம் வருகிறவர்கள் அதிகம் இறக்கிறார்கள் என்று தெரிந்ததும், அந்தத் துடிப்புகளை மருந்து கொடுத்து அடக்கினார்கள். மருந்து நன்றாகவே வேலை செய்தது, துடிப்புகள் குறைந்தன. ஆனால் காஸ்ட் என்ற பெரிய ஆய்வில் முறையாகச் சோதித்தபோது, 1989-ல் தெரியவந்தது என்ன என்றால், அந்த மருந்து சாப்பிட்டவர்கள்தான் அதிகம் இறந்திருந்தார்கள். ஆபத்தின் அடையாளம் ஒன்று, ஆபத்தின் காரணம் வேறொன்று. ஹெச்.ஆர்.வி. இன்றைய நிலையில் ஒரு அடையாளம். மாத்திரையால் அந்த எண்ணை ஏற்றினால் ஆயுள் கூடும் என்று காட்டிய ஆய்வு எதையும் நான் பார்த்ததில்லை. ஆன்லைனில் அந்த மாத்திரை விற்பவரிடமும் அது இருக்காது.

பி.பி. அப்படிப்பட்டதல்ல, அது காரணமே. உயர்ந்த அழுத்தத்தில் ரத்தம் நாள் முழுக்க, வருடக் கணக்கில் குழாய்ச் சுவரில் மோதுவதால் சுவர் தடித்து விறைக்கிறது, மூளையிலும் சிறுநீரகத்திலும் கண்ணிலும் உள்ள நுண்ணிய குழாய்கள் கெடுகின்றன, இதயத்தின் தசை பெருத்துப்போகிறது. 2002-ல் 61 ஆய்வுகளைச் சேர்த்து, 10 லட்சம் பேரின் கணக்கைப் பார்த்தார்கள். 40 முதல் 69 வயதுக்காரர்களுக்கு, 115/75-ல் தொடங்கி மேல் அளவு ஒவ்வொரு 20 கூடும்போதும், அல்லது கீழ் அளவு ஒவ்வொரு 10 கூடும்போதும், மாரடைப்பாலும் பக்கவாதத்தாலும் இறக்கும் ஆபத்து இரண்டு மடங்காகிறது. அதைவிட முக்கியமானது, பி.பி.யைக் குறைத்தால் ஆபத்தும் குறைகிறது என்பது நிரூபிக்கப்பட்டிருக்கிறது. 1991-ல் முடிந்த ஷெப் ஆய்வில், மேல் அளவு மட்டும் 160-க்கு மேல் இருந்த 60 வயது கடந்தவர்களுக்கு மலிவான ஒரு மாத்திரையில் தொடங்கி சிகிச்சை கொடுத்தபோது பக்கவாதம் 36 சதவீதம் குறைந்தது. 2021-ல் வெளியான பெரிய தொகுப்பு ஒன்று, மேல் அளவை வெறும் 5 குறைத்தாலே மாரடைப்பு, பக்கவாதம், இதயச் செயலிழப்பு போன்றவை சுமார் 10 சதவீதம் குறைகின்றன என்று காட்டியது. வெறும் 5! உப்பைக் குறைத்தாலே பலருக்கு அவ்வளவு இறங்கிவிடும்.

இரண்டுக்கும் சம்பந்தமே இல்லையா என்றால், உண்டு. கழுத்தில் மூளைக்குப் போகும் ரத்தக்குழாயில் அழுத்தத்தை உணரும் நரம்பு நுனிகள் இருக்கின்றன. நீங்கள் படுக்கையிலிருந்து எழுந்து நிற்கிறீர்கள், ரத்தம் காலுக்கு இறங்குகிறது, அழுத்தம் குறையப்பார்க்கிறது. உடனே அந்த நுனிகள் தகவல் கொடுக்க, ஓரிரு துடிப்புக்குள் இதயம் வேகமெடுத்து அழுத்தத்தைப் பிடித்து நிறுத்துகிறது. பால் பொங்கி வழியாமல் இருக்க நாம் அடுப்பைக் கூட்டியும் குறைத்தும் நிற்போமே, அந்த வேலையைத்தான் இதயத் துடிப்பு செய்கிறது. தீ மாறிக்கொண்டே இருப்பதால்தான் பால் மட்டம் நிற்கிறது. அதனால்தான் துடிப்பில் மாற்றம் இருப்பது பொதுவாக நல்ல அறிகுறி, பி.பி.யில் மாற்றம் அதிகமாக இருப்பது நல்லதில்லை. ஒவ்வொரு முறை டாக்டரிடம் போகும்போதும் பி.பி. ஒரேயடியாக ஏறி இறங்குகிறவர்களுக்கு, சராசரி ஒன்றாகவே இருந்தாலும், பக்கவாதம் அதிகம் என்று 2010-ல் வந்த ஆய்வுகள் காட்டின. நாள்பட்ட உயர் ரத்த அழுத்தம் அந்த நரம்பு நுனிகளையும் மந்தமாக்கும், ஹெச்.ஆர்.வி.யும் இறங்கும். ஆக, உங்கள் 21-க்கே பின்னால் கவனிக்காமல் விட்ட பி.பி.யும் கெட்ட தூக்கமும் இருக்கலாம். அவற்றைச் சரிசெய்தால் இதுவும் கொஞ்சம் ஏறினாலும் ஏறும், ஏறாவிட்டாலும் பரவாயில்லை.

இனி உங்கள் பி.பி.க்கு வருவோம். ‘டென்ஷன்தான்’ என்று நம் ஊரில் எத்தனை பேர் சொல்லிக் கேட்டிருக்கிறேன் என்று கணக்கே இல்லை. கவுண்டரில் வரிசை நிற்கும்போது, முகாமில் அவசரமாக உட்காரவைத்துப் பார்க்கும்போது, பி.பி. ஏறும்தான். வெள்ளைக் கோட்டைப் பார்த்தாலே ஏறுகிறவர்களும் உண்டு, வீட்டில் பார்த்தால் சரியாக இருக்கும். ஆனால் உங்களுக்கு வீட்டிலும் 138/86 வருகிறதே! வீட்டு அளவுக்கு எல்லைக்கோடு 140/90 இல்லை, 135/85. வீட்டில் நாம் நிதானமாக இருப்பதால் கோடும் கீழே இருக்கிறது. அதை நிறைய பேர் கவனிப்பதில்லை, 138 தானே, 140 தாண்டவில்லையே என்று விட்டுவிடுகிறார்கள்.

ஆனால் உங்கள் வீட்டு அளவையும் நான் அப்படியே எடுத்துக்கொள்ள மாட்டேன், ஏனென்றால் நீங்கள் பார்க்கும் நேரம் சரியில்லை. ஆவின் பாக்கெட்டைத் தூக்கிக்கொண்டு மாடி ஏறி, ஃபில்டர் காபியும் குடித்துவிட்டு உடனே பார்த்தால் யாருக்கும் ஏறும். நாளைக் காலையிலிருந்து இப்படிச் செய்யுங்கள். எழுந்து, பாத்ரூம் போய்விட்டு வந்து, காபிக்கு முன்னால், பால் வாங்கப் போவதற்கும் முன்னால், முதுகு சாய்கிற நாற்காலி ஒன்றில் உட்காருங்கள். கட்டில் வேண்டாம், காலும் தொங்கும், முதுகுக்கும் பிடிப்பு இருக்காது. இரண்டு பாதமும் தரையில், கால் மேல் கால் போடாமல். கையை டைனிங் டேபிள் மேல் வையுங்கள், கஃப், அதாவது மெஷினோடு வரும் கையில் சுற்றும் பட்டை, இதயத்தின் மட்டத்தில் இருக்க வேண்டும், தாழ்வாக இருந்தால் கீழே தலையணை வைத்துக்கொள்ளுங்கள். மடியில் கையை வைத்துப் பார்த்தால் மேல் அளவு 4 போலவும், தொங்கவிட்டால் 6, 7 போலவும் கூடுதலாகக் காட்டுவதாக 2024-ல் அமெரிக்காவில் அளந்தே பார்த்திருக்கிறார்கள். நைட்டி கை மேலேயோ ஜாக்கெட் கை மேலேயோ கஃப்பைச் சுற்றாதீர்கள், தோல் மேல் படவேண்டும். ஜாக்கெட் கையை இறுக்கமாகச் சுருட்டி விடுவதும் தப்பு, அதுவே ஒரு கட்டு மாதிரி அழுத்தும். ஐந்து நிமிடம் சும்மா உட்கார்ந்திருங்கள். போன், டிவி, சமையலறையில் இருப்பவரோடு பேச்சு எதுவும் வேண்டாம், பேசினாலே 10 வரை ஏறிவிடும். பிறகு ஒரு நிமிட இடைவெளியில் இரண்டு தடவை பார்த்து இரண்டையும் எழுதுங்கள். ராத்திரி சாப்பாட்டுக்கு முன்னால் இதே மாதிரி இரண்டு தடவை. ஏழு நாள். முதல் நாள் எண்களை அடித்துவிட்டு, மற்ற ஆறு நாளின் சராசரியைப் போடுங்கள். நல்ல எண்ணை மட்டும் எழுதும் பழக்கம் வேண்டாம், எல்லாவற்றையும் எழுதுங்கள்.

கஃப்பின் அளவையும் பாருங்கள். தோளுக்கும் முழங்கைக்கும் நடுவே தையல் டேப்பால் கையைச் சுற்றி அளந்து, கஃப் மேல் அச்சிட்டிருக்கும் சென்டிமீட்டருக்குள் வருகிறதா என்று சரிபாருங்கள். பல மெஷின்களோடு 22 முதல் 32 வரைக்குமான கஃப்தான் வரும். கை 35 இருந்தால் அது பொய்யாக அதிகம் காட்டும், பெரிய கஃப் தனியாகக் கிடைக்கும். முதல் நாள் இரண்டு கையிலும் பார்த்து, எது அதிகமோ அந்தக் கையிலேயே தொடருங்கள். வாட்சிலேயே பி.பி. காட்டும் வசதி இருந்தால் அதை வைத்து எந்த முடிவும் எடுக்காதீர்கள், கஃப் இல்லாமல் அளக்கும் கருவிகள் இன்னும் அந்த நம்பிக்கையைப் பெறவில்லை.

சராசரி 135/85-ஐத் தொட்டால் அது உயர் ரத்த அழுத்தம், டென்ஷன் என்ற பேச்சுக்கே இடமில்லை. அதற்குக் கீழே வந்தால் மகிழ்ச்சி, ஆனால் 120-க்கும் 134-க்கும் நடுவே இருந்தால் சாப்பாடு, நடை, எடையில் இறங்கவேண்டிய நேரம் அது, வருடத்துக்கு ஒருமுறையாவது இந்த ஏழு நாள் கணக்கைத் திரும்பப் போட வேண்டும்.

அந்த டைக்ளோஃபெனாக் விஷயம். இதைக் கடிதத்தில் எழுதினீர்களே, ரொம்ப நல்லது, பலர் சொல்லவே மாட்டார்கள், வலி மாத்திரைக்கும் பி.பி.க்கும் என்ன சம்பந்தம் என்று நினைப்பார்கள். நேரடிச் சம்பந்தம் உண்டு. டைக்ளோஃபெனாக், ஐபுப்ரோஃபென் வகை மாத்திரைகள் சிறுநீரகம் உப்பையும் நீரையும் வெளியேற்றுவதைத் தடுக்கும், பி.பி.யை ஏற்றும், பி.பி. மாத்திரை சாப்பிடுகிறவருக்கு அதன் வேலையையும் கெடுக்கும். இன்றோடு கடையில் கேட்டு வாங்குவதை நிறுத்துங்கள். முட்டிக்கு மேலே தடவும் மருந்து, தொடைத் தசைக்கான பயிற்சி என்று வேறு வழிகள் இருக்கின்றன, டாக்டரிடம் அதையும் சேர்த்துக் கேளுங்கள்.

குறட்டை அடுத்தது. கணவரிடம் ஒன்று கேளுங்கள்: குறட்டை நடுவில் சட்டென்று நின்று, சில நொடி சத்தமே இல்லாமல் இருந்து, பிறகு திணறலோடு மூச்சு வருகிறதா? காலையில் தலை கனக்கிறதா, மதியம் கவுண்டரில் கண் சொருகுகிறதா? ஆம் என்றால் தூக்கத்தில் மூச்சுத் தடைபடும் நோயாக இருக்கலாம். ஒவ்வொரு தடையிலும் உடம்பு விழித்துக்கொண்டு அலாரம் அடிக்கும், பி.பி. இரவிலும் இறங்காது. இயல்பாக, தூக்கத்தில் பி.பி. 10 முதல் 20 சதவீதம் இறங்க வேண்டும். அது நடக்கிறதா என்று பார்க்க 24 மணி நேரம் கட்டிவிடும் பி.பி. கருவி உண்டு, பகலில் 20, 30 நிமிடத்துக்கு ஒருமுறை தானே இறுகி அளக்கும், ராத்திரியும் அளக்கும். இரவுச் சராசரி 120/70-ஐத் தாண்டினால் அது அதிகம். உங்கள் அளவுகள் இடத்துக்கு இடம் மாறுவதாலும் குறட்டை இருப்பதாலும் உங்களுக்கு இந்தப் பரிசோதனை நல்லது என்பது என் அபிப்பிராயம். கை இறுகும்போது தூக்கம் கலையும், ஒரு ராத்திரிதானே, பொறுத்துக்கொள்ளுங்கள்.

உப்பு ஒரு நாளைக்கு 5 கிராம், அதாவது ஒரு டீஸ்பூன், எல்லாம் சேர்த்து. சாம்பாரில் போடுவதைவிட ஊறுகாய், அப்பளம், மோர்மிளகாய், கருவாடு, மாலை நேரத்துக் கடை பஜ்ஜி, மிக்சர் இவற்றில்தான் கணக்கு தவறுகிறது. இந்துப்பு பி.பி.யை ஏற்றாது என்று வாட்ஸ்அப்பில் வருவதை நம்ப வேண்டாம், அதுவும் பெரும்பாலும் அதே சோடியம் குளோரைடுதான். பொட்டாசியம் கலந்த உப்பு ஒன்று கிடைக்கிறது. சீனாவில் கிராமங்களில் நடந்து 2021-ல் வெளியான பெரிய ஆய்வில் அது பக்கவாதத்தை 14 சதவீதம் குறைத்தது. ஆனால் சிறுநீரகக் கோளாறு இருப்பவர்களுக்கும், சில வகை பி.பி. மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கும் ஆபத்து, ஆகவே சிறுநீரகத்தின் நிலையைக் காட்டும் கிரியாட்டினின் என்ற ரத்தப் பரிசோதனையைப் பார்த்து டாக்டர் சரி என்ற பிறகே வாங்குங்கள்.

மாத்திரை ஆரம்பித்தால் நிறுத்தவே முடியாதா? அதற்கு உடம்பு அடிமையாவதில்லை. நோய் நீடிப்பதால்தான் மருந்தும் நீடிக்கிறது. எடையைக் குறைத்து, உப்பைக் குறைத்து, தூக்க மூச்சுத் தடையைச் சரிசெய்து அளவைக் குறைத்துக்கொண்டவர்கள் இருக்கிறார்கள், அபூர்வமாக நிறுத்தியவர்களும் இருக்கிறார்கள். ஆனால் அதை டாக்டரோடு பேசிச் செய்ய வேண்டும். ‘பி.பி. நார்மல் ஆயிடுச்சு’ என்று தாங்களே நிறுத்துகிறவர்கள்தான் என்னைப் பயமுறுத்துகிறார்கள், நார்மல் ஆனதே மாத்திரையால்தான் என்பதை மறந்துவிடுகிறார்கள். ஒரு மாத்திரையில் கால் வீங்கினாலோ வறட்டு இருமல் வந்தாலோ சொல்லுங்கள், மாற்ற வேறு மருந்துகள் இருக்கின்றன.

நோட்டுப் புத்தகத்தோடு போகும்போது இந்தப் பரிசோதனைகளைக் கேளுங்கள்: கிரியாட்டினின், பொட்டாசியம், சிறுநீரில் ஆல்புமின், சர்க்கரையின் மூன்று மாதச் சராசரி, கொலஸ்ட்ரால், ஒரு இ.சி.ஜி. சிறுநீர் ஆல்புமினைப் பலர் விட்டுவிடுவார்கள், விடாதீர்கள், சிறுநீரகம் பாதிக்கப்படுவதை முதலில் காட்டிக்கொடுப்பது அதுதான். தனியார் டாக்டரிடம்தான் போக வேண்டும் என்றில்லை. மாநகராட்சியின் நகர்ப்புற ஆரம்ப சுகாதார நிலையத்தில் பி.பி. பார்த்து மாத்திரையும் இலவசமாகத் தருகிறார்கள். 2021-ல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வீட்டுக்கே கொண்டுவந்தும் கொடுக்கிறார்கள். வங்கி வேலையில் இருப்பதால் உங்களுக்குத் தேவைப்படாமல் இருக்கலாம், வீட்டு வேலைக்கு வரும் அம்மாவிடம் சொல்லுங்கள். சென்னையில் உள்ள மெட்ராஸ் டயாபடீஸ் ரிசர்ச் ஃபவுண்டேஷன் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சிலோடு (ஐ.சி.எம்.ஆர்.) சேர்ந்து நடத்தி 2023-ல் வெளியிட்ட கணக்கின்படி நாட்டில் வயது வந்தவர்களில் 35.5 சதவீதம் பேருக்கு உயர் ரத்த அழுத்தம்.

அப்பாவைப் பற்றி எழுதியிருந்தீர்கள். பெற்றோருக்குப் பக்கவாதம் வந்திருந்தால் உங்கள் பி.பி.யை அலட்சியப்படுத்த இன்னும் காரணம் குறைகிறது, அவ்வளவுதான். அதையே நினைத்துப் பயந்துகொண்டிருக்க வேண்டாம். ஆனால் வீட்டில் எல்லோருக்கும் இது தெரிந்திருக்கட்டும்: வாய் ஒரு பக்கம் கோணுவது, ஒரு கை அல்லது கால் திடீரென்று தளர்வது, பேச்சு குழறுவது, இதில் எது வந்தாலும் அந்த நிமிடமே 108. மூளைக் குழாயை அடைக்கும் ரத்தக் கட்டியைக் கரைக்கும் ஊசியை நாலரை மணி நேரத்துக்குள் போட வேண்டும், காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று படுக்க வைத்துவிடக் கூடாது. பி.பி. 180/120 காட்டி, கூடவே நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், கண் மங்கல் இருந்தாலும் அப்படித்தான். எந்தத் தொந்தரவும் இல்லாமல் எண் மட்டும் அதிகமென்றால் உட்கார்ந்து ஓய்வெடுத்துத் திரும்பப் பாருங்கள், அப்போதும் அதே அளவென்றால் அன்றைக்கே டாக்டரைப் பாருங்கள். நாக்குக்கு அடியில் மாத்திரை வைத்துச் சட்டென்று இறக்கும் வேலை மட்டும் வேண்டாம், அழுத்தம் ஒரேயடியாக விழுந்தால் மூளைக்கு ரத்தம் போகாது.

வாட்சைக் கழற்றிப் போட வேண்டுமா என்றால், வேண்டாம், மகன் ஆசையாக வாங்கிக் கொடுத்தது. காலையில் வரும் அந்த அறிவிப்பை மட்டும் அணைத்துவிடுங்கள். நடந்த தூரத்துக்கும், ஓய்வில் நாடி எவ்வளவு என்பதற்கும், துடிப்பு ஒழுங்கு தவறினால் எச்சரிப்பதற்கும் அது உபயோகமானது. ஹெச்.ஆர்.வி.யை மாதம் ஒருமுறை திறந்து, உங்கள் சென்ற மாதத்துச் சராசரியோடு மட்டும் ஒப்பிடுங்கள். ராத்திரி படுக்கும் முன் நிமிடத்துக்கு ஆறு மூச்சு என்ற கணக்கில் பத்து நிமிடம் மெதுவாக மூச்சு விடுங்கள், மனம் அடங்கும், பி.பி.யும் கொஞ்சம் இறங்கும். அந்த நேரத்தில் வாட்சில் ஹெச்.ஆர்.வி. துள்ளி ஏறுவதைப் பார்த்துக் குணமாகிவிட்டது என்று நினைத்துவிடாதீர்கள், மூச்சு நீளமானால் துடிப்பின் ஏற்ற இறக்கமும் கூடும், அதைத்தான் அது காட்டுகிறது.

கடைசியாக, கடிதம் முழுக்க உங்களைப் பற்றியும் மகனைப் பற்றியும் இருக்கிறது, குறட்டையைச் சொன்ன கணவரின் பி.பி. எவ்வளவு என்று ஒரு வரி இல்லை. மெஷின் வீட்டிலேயே இருக்கிறது. நாளைக் காலை நீங்கள் பார்த்து முடித்ததும் அதே நாற்காலியில் அவரையும் ஐந்து நிமிடம் உட்காரவைத்துப் பாருங்கள், அவர் கையையும் டேப்பால் அளந்துவிட்டு. இரண்டு பேருடைய கணக்கையும் ஒரே நோட்டில், பக்கம் பிரித்து எழுதுங்கள், டாக்டரிடம் இருவருமாகவே போய் வாருங்கள்.